குடிக்காதவனுக்குக் கட்டிய கயிறு

என் அண்ணன் தன் வாழ்நாளில் ஒரு சொட்டுச் சாராயம் தொட்டதில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் எங்கள் பக்கம் யாரைக் கேட்டாலும் வேறு கதைதான் சொல்வார்கள். "அவனா? செம குடிகாரனாச்சே. அப்புறம் கயிறு கட்டித் திருந்திட்டான். நல்ல மனுஷன்" என்பார்கள். அந்தத் 'திருந்திட்டான்' காதில் விழும்போதெல்லாம் இன்றைக்கும் எனக்கு உச்சந்தலையில் சூடு ஏறும்.

சுனாமி வந்ததற்கு அடுத்த வருஷம் அது. அவன் தங்கை நான், மரக்காணம் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலை பார்த்தேன். கடை வாசலில் ஒரு ரூபாய் போனும் உண்டு. அண்ணன் உப்பளத்தில் கூலி. விடியும் முன்பே போய்ப் பாத்தியில் உப்பு வார வேண்டும். வாரிய உப்பைக் கூடையில் தலைச்சுமையாக வரப்பு வழியே கொண்டுவந்து மேட்டில் கொட்ட வேண்டும். அந்த வரப்பு ஒரு ஆள் கால் வைக்கிற அகலம்தான் இருக்கும். இரண்டு பக்கமும் உப்புத் தண்ணீர். மீசை முளைக்காத வயதிலிருந்து அதில் நடந்தவன் அண்ணன். தூக்கத்தில்கூட நடப்பான்.

ஆனி மாதத்தில் ஒரு நாள், பத்து மணிகூட ஆகியிருக்காது, கடை வாசலில் வந்து நின்றான். லுங்கி இடுப்புவரை நனைந்து, காய்ந்த இடத்தில் உப்புப் பூத்திருந்தது. கடைப் பலகையைப் பிடித்துக்கொண்டுதான் நின்றான்.

"இன்னாண்ணா, இந்நேரத்துல?"

"மேஸ்திரி... வூட்டுக்குப் போவச் சொல்லிட்டாரு. கூடையோட வுழுந்துட்டேன்."

அந்த இரண்டு வாக்கியத்தைச் சொல்வதற்கே அவன் நாக்கு புரளவில்லை. போன் பேசக் காத்திருந்த ஒருவர் கெக்கெக்கென்று சிரித்தார். "காலையிலியே கட்டிங்கா தம்பி? கீழ்புத்துப்பட்டத் தாண்டுனா பாண்டிச்சேரி சரக்கு. உங்களுக்கின்னாப்பா கவலை!"

"போன் பேசறதுன்னா பேசுங்க, இல்லன்னா கெளம்புங்க" என்றேன். நான் கத்திய கத்தலில் டீக்கடைக்காரர் எட்டிப் பார்த்தார். அண்ணன் பலகையிலிருந்து கையை எடுத்து வீட்டுப் பக்கம் திரும்பினான். தெருவைக் கடந்தபோது ஒரு பக்கமாகச் சாய்ந்து சாய்ந்து போனான். பஸ் டிரைவர் ஹாரன் அடித்து ஒரு கெட்ட வார்த்தை சொன்னார். பார்த்துக்கொண்டிருந்த எனக்கு அழுகை வந்ததா ஆத்திரம் வந்ததா என்று பிரித்துச் சொல்ல முடியாது.

அவனுக்கு என்ன நோய் என்று ஊரில் மூன்று பேருக்குத்தான் தெரியும். அவனுக்கு, அம்மாவுக்கு, எனக்கு. பதினாறு வயதில் அவனுக்கு இரண்டு முறை தூக்கத்தில் வலிப்பு வந்தது. மந்திரித்தார்கள், நின்றுவிட்டது, எல்லோரும் மறந்துவிட்டோம். பிறகு பிரம்மதேசத்தில் பெண் எடுத்துக் கல்யாணம் முடிந்து, அண்ணி ஏழாம் மாதம் வளைகாப்பு முடித்துப் பிரசவத்துக்குத் தாய் வீடு போன பிறகு, மாசி மாத விடியற்காலையில் அது திரும்ப வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு அவன் உடம்பு வெட்டி வெட்டி இழுத்ததை நானும் அம்மாவும் பார்த்தோம். அவன் தெளிந்து எழுந்ததும் அம்மா செய்த முதல் காரியம், என் கையை இழுத்துத் தன் தலைமேல் வைத்துச் சத்தியம் வாங்கியதுதான்.

"வெளிய மூச்சு வுடக் கூடாது. உன் அண்ணிகிட்ட சொல்லவே கூடாது."

ஏனென்று கேட்கத் தேவையில்லை. எங்கள் தெருவிலேயே வலிப்பு வருகிற பெண் ஒருத்தி இருந்தாள். தையல் கிளாசுக்குப் போய்க்கொண்டிருந்தாள். அழகான பெண். நிச்சயம் வரை வந்து இரண்டு மாப்பிள்ளை வீட்டார் திரும்பிப் போனார்கள். விஷயத்தை யாரோ போய்ச் சொல்லியிருந்தார்கள். அவள் தங்கைக்கும் வரன் வரவில்லை. அம்மா அதைத்தான் நினைத்தாள். வீட்டில் நான் ஒருத்தி கல்யாணத்துக்கு இருந்தேனே.

திண்டிவனத்தில் ஒரு டாக்டரிடம் போனோம். ராத்திரியில் மூன்று மாத்திரை எழுதிக் கொடுத்தார். ஃபெனிடாயின் என்று பெயர். தெருப் பெண்ணும் அதையேதான் சாப்பிட்டாள், அதே மூன்று. அம்மா மாத்திரையை ரவை டப்பாவுக்குள் ஒளித்து வைத்து, சோறு போடும்போது கையில் எடுத்துக் கொடுப்பாள். குழந்தையோடு அண்ணி திரும்பி வந்த பிறகு அது 'சத்து மாத்திரை' ஆனது. வெயிலில் வேலை செய்கிறவனுக்குச் சத்து வேண்டும் என்று அண்ணியும் நம்பினாள்.

மாத்திரை ஆரம்பித்த சில வாரத்திலேயே அண்ணன் சோர்ந்து போனான். உட்கார்ந்த இடத்தில் தூங்கினான். பங்குனி வெயிலில் உப்பளத்தின் வெள்ளை கண்ணைக் குத்தும், அதனால் என்று நினைத்தோம். நடுவில் இன்னொரு முறை வலிப்பு வந்தது. டாக்டர் "அப்ப பத்தலை" என்று சொல்லி நாலு ஆக்கினார். அதற்குப் பிறகுதான் தள்ளாட்டம். தம்ளரை எடுக்கப் போனால் கை தம்ளருக்குப் பக்கத்தில் போய் நிற்கும். பேச்சு குழறும். ஓரக்கண்ணால் பார்த்தால் கருவிழி துடிக்கும்.

நான் அவனை இழுத்துக்கொண்டு மறுபடி திண்டிவனம் போனேன். பெருமுக்கல் தாண்டும்வரை பஸ்ஸில் என் தோளில் சாய்ந்து தூங்கினான். டாக்டர் அவனை ஏற இறங்கப் பார்த்தார்.

"குடிக்கிறாரா?"

"இல்லங்க சார். மாத்திரை போட்டதுல இருந்துதான் இப்படி."

"இந்த மாத்திரையை எத்தனை பேருக்கு எழுதறேன் தெரியுமா? யாருக்கும் இப்படி ஆகலையே. வீட்டுக்குத் தெரியாம குடிப்பாங்கம்மா. நீ கவனிச்சுப் பாரு."

வெளியே வந்து செருப்பைத் தேடினேன். என் செருப்பு கண்ணுக்கே தெரியவில்லை, அவ்வளவு கோபம். அண்ணன்தான் எடுத்துக் கொடுத்தான். "வுடு பாப்பா" என்றான். அவனுக்கு எல்லாமே 'வுடு பாப்பா'தான்.

வீட்டுக்கு வந்து சொன்னால் அம்மா வேறு மாதிரி ஆரம்பித்தாள். "டாக்டரு படிச்சவரு, தப்பாவா சொல்வாரு? அதே மாத்திரை, அதே கலரு, அந்தத் தையக்காரப் பொண்ணும்தான் போடுது. ஜம்முனு சைக்கிள் ஓட்டுது. இவன் மட்டும் ஏன் தள்ளாடறான்?" பிறகு குரலைத் தாழ்த்தி, "அப்பன் ரத்தம். எங்க போவும்?" என்றாள்.

எங்கள் அப்பா குடித்தே செத்தவர். உப்பளக் கூலி மொத்தத்தையும் கடையில் கொடுத்துவிட்டு வருவார். அவர் வாந்தியைத் துடைத்தது அண்ணன். அவர் செத்த அன்றைக்கு, "நான் இந்தக் கருமத்தத் தொடவே மாட்டேன்" என்று அண்ணன் சொன்னதை அம்மா பக்கத்தில் இருந்து கேட்டவள். அவளே இப்படிப் பேசினால் நான் எங்கே போய் முட்டிக்கொள்வது? "பெத்தவதானே நீ? வாய மோந்து பாரு!" என்று கத்தினேன். வாசம் இல்லையே என்றால் அதற்கும் பதில் வைத்திருந்தாள். வோட்கா என்று ஒன்று இருக்கிறதாம், அதில் வாசமே வராதாம். மேஸ்திரி சொன்னாராம்.

அண்ணி பாவம். நல்ல பெண். கைக்குழந்தையை வைத்துக்கொண்டு, ராத்திரி சோற்றில் முகம் கவிழ்கிற புருஷனோடு எத்தனை நாள் ஓட்டுவாள்? ஒரு நாள் அண்ணன் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வாசல்படி இறங்கினான். கால் பிசகியது. குழந்தையை மார்போடு அணைத்துக்கொண்டே விழுந்தான், குழந்தைக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அண்ணி போட்ட கூச்சலில் தெருவே கூடிவிட்டது. அன்று சாயந்திரமே அவள் அப்பா பிரம்மதேசத்திலிருந்து ஆட்டோ வைத்துக்கொண்டு வந்தார்.

"இத பாரு மாப்ள. நான் அடிக்க வரல, திட்ட வரல. கயிறு கட்டு. குடிய வுட்டுட்டன்னு நாலு பேரு எங்கிட்ட வந்து சொல்லட்டும். எம் பொண்ணையும் பேரனையும் நானே கொண்டாந்து வுடறேன்."

அண்ணி போகும்போது திரும்பிப் பார்க்கவில்லை. குழந்தைதான் அவள் தோள்மேலிருந்து பார்த்துக்கொண்டே போனது. அண்ணன் ஆட்டோ போன திசையில் வெகு நேரம் நின்றான். சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றான் என்று சொல்ல வேண்டும்.

கயிறு கட்டுவது எங்கள் பக்கம் சகஜம். குடியை விட நினைக்கிறவன் தலைக்குக் குளித்து அம்மன் கோயிலுக்குப் போவான். பூசாரி மஞ்சள் தடவிய கயிற்றைக் கையில் கட்டிக் கெடு சொல்லுவார். கயிறு இருக்கும்வரை குடிக்க மாட்டான். சாமிக்குப் பயந்து சிலர் நிஜமாகவே விட்டிருக்கிறார்கள், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் குடிக்காதவனைக் கூட்டிப்போய்க் கயிறு கட்டிய கூத்து எங்கள் வீட்டில்தான் நடந்திருக்கும்.

ஆடி வெள்ளி. கூட்டம். அண்ணன் ஈரத் துணியோடு நின்றான். பூசாரி எல்லோருக்கும் சொல்வதைத்தான் அவனுக்கும் சொன்னார். "சாராயம், கள்ளு, பீடி, பொகையில, மயக்கம் குடுக்கிற எதுவும் உள்ள போவக் கூடாது. அம்மா பாத்துக்கினே இருப்பா."

மற்றவர்கள் காதில் அது சாராயமாக விழுந்திருக்கும். அம்மா காதில் 'மயக்கம் குடுக்கிற எதுவும்' என்பது மட்டும் தங்கிவிட்டது. மாத்திரை போட்டால் அவனுக்குத் தூக்கம் வருகிறதே, அப்படியென்றால் அதுவும் ஆகாதுதானே? அன்று ராத்திரியிலிருந்து ரவை டப்பா திறக்கப்படவில்லை.

"அம்மா, திடீர்னு நிறுத்தக் கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு."

"சாமிக்கு மேலயா டாக்டரு? கெடு முடியட்டும், குடுத்துக்கலாம். நீ கம்னு இரு."

அண்ணனிடம் கெஞ்சினேன். அவன் கயிற்றைப் பார்த்துக்கொண்டே, "அவ வரட்டும் பாப்பா. அப்புறம் போட்டுக்கிறேன்" என்றான்.

அதன் பிறகு நடந்ததை நினைத்தால் சிரிப்பும் வரும், தலையில் அடித்துக்கொள்ளவும் தோன்றும். நாளாக ஆக அண்ணன் நேராகிக்கொண்டே வந்தான். பேச்சு திருந்தியது. கண் துடிப்பது நின்றது. ஆடி முடிவதற்குள் தலையில் கூடையோடு வரப்பில் பழையபடி நடந்தான். மேஸ்திரி கடைக்கே வந்து என்னிடம் சொன்னார். "பாத்தியாம்மா, அன்னிக்கு அவன வூட்டுக்கு அனுப்பினதுக்கு எம்மேல காண்டாயிட்ட. இப்பப் பாரு, கிண்ணுனு நடக்கிறான். குடி அப்படிப்பட்டது."

ஊர் முழுக்க ஒரே தீர்ப்பு. கயிறு கட்டினான், தள்ளாட்டம் நின்றது. ஆகவே குடித்துக்கொண்டிருந்தான். இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்? அம்மாவே என்னைப் பார்த்து, "இப்ப இன்னா சொல்ற?" என்று கேட்டாள். மாத்திரையை நிறுத்தியதால் நேரானான் என்று நான் சொன்னேன். "மாத்திர வியாதியக் கொணப்படுத்துமா, குடுக்குமா? லூசு மாரிப் பேசாத" என்றாள். ஜெராக்ஸ் மெஷினுக்குப் பின்னால் உட்கார்ந்து இருக்கிற பெண் பேச்சை யார் கேட்கிறார்கள்.

பிரம்மதேசத்துக்குச் சேதி போனது. ஆவணியில் நல்ல நாள் பார்த்துக் கொண்டுவந்து விடுவதாக அண்ணியின் அப்பா, எங்களுக்கு மாமா, சொல்லி அனுப்பினார். அண்ணன் தொட்டில் கயிற்றை மாற்றிக் கட்டினான். வாசல்படியைச் சிமெண்டு பூசி அகலமாக்கினான்.

அந்த நல்ல நாளுக்கு முந்தின வாரம், வெளுக்கிற நேரத்தில், உப்பு வாரிக்கொண்டிருக்கும்போது அவனுக்கு வலிப்பு வந்தது. பாத்தித் தண்ணீரில் குப்புற விழுந்தான். முழங்கால் ஆழம்கூட இல்லாத தண்ணீர்தான், ஆனால் முகம் உள்ளே இருந்தால் அதுவே போதும். பக்கத்துப் பாத்தியில் இருந்தவர் கூடையைப் போட்டுவிட்டு ஓடிவந்து தூக்கியிருக்கிறார். கையில் சைக்கிள் சாவியைத் திணித்து, இரும்பு பட்டால் சரியாகும் என்று பிடித்துக்கொண்டிருந்தார்களாம். நான் போய்ச் சேர்ந்தபோது மேட்டில் கிடத்தியிருந்தார்கள். முகம், முடி, இமை எல்லாம் உப்பு. இருமினால் மூக்கிலிருந்து தண்ணீர் வந்தது.

சரி, இப்போதாவது ஊருக்குத் தெரிந்துவிடும் என்று நினைத்தேன். பொல்லாத ஒரு நிம்மதிகூட எனக்கு வந்தது. ஆனால் மேஸ்திரி வந்து ஆறுதலாக என் தோளைத் தட்டினார். "பயப்படாதம்மா. குடியப் பொசுக்குனு நிறுத்துனா இப்படித்தான். எங்க மச்சானுக்கும் கை காலு இழுத்துக்கிச்சு. ஒடம்பு சரக்கக் கேக்குது."

சுற்றி நின்ற அத்தனை பேரும் ஆமாம் என்று தலையாட்டினார்கள். அவர்கள் பார்த்த வலிப்பெல்லாம் அப்படித்தான் வந்தது. அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. பிரம்மதேசத்து மாமாவுக்கு அதுவும் ஒப்பவில்லை. "கயித்தோட போய்க் குடிச்சிருப்பான். அம்மா அடிச்சிட்டா" என்றாராம். அண்ணி வரவில்லை.

பாண்டிச்சேரியில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். நுரையீரலில் உப்புத் தண்ணீர் போய்க் காய்ச்சல் வந்துவிட்டது, அதனால் நாள் கணக்கில் இருக்க வேண்டியதாயிற்று. அங்கே நான் அம்மாவைக் கேட்கவில்லை. வலிப்பு நோய் இருக்கிறது, இந்த மாத்திரை சாப்பிட்டான், நிறுத்திவிட்டோம் என்று வெட்டவெளிச்சமாகச் சொன்னேன். அதையே மறுபடி ஆரம்பித்தார்கள். முதல் நாள் ஊசியாக ஏற்றிவிட்டு, பிறகு ராத்திரி மூன்று. நர்ஸ் தன் கையால் கொடுத்து, விழுங்கும்வரை நின்று பார்த்துவிட்டுப் போவார்.

காய்ச்சல் இறங்கியது. பத்து நாள் போலிருக்கும், ஒரு காலையில் அண்ணன் பாத்ரூமுக்கு எழுந்தான். இரண்டடி வைத்தான். ஒரு பக்கமாகச் சாய்ந்து பக்கத்துக் கட்டில் கம்பியைப் பிடித்தான். கட்டிலில் இருந்தவர், "இன்னாப்பா, ஆஸ்பத்திரிக்குள்ளயேவா?" என்று சிரித்தார்.

எனக்குச் சந்தோஷம் பொங்கிக்கொண்டு வந்தது என்று சொன்னால் நம்புவீர்களா? அண்ணன் தள்ளாடுகிறான், நான் கைதட்டாத குறை. வார்டுக்குள் சாராயம் எங்கேயிருந்து வரும்? ஓடிப்போய் ரவுண்ட்ஸ் வந்துகொண்டிருந்த டாக்டரம்மா முன்னால் நின்றேன். என்னைவிட நாலைந்து வயதுதான் பெரியவர்.

"வந்து பாருங்க மேடம். இப்பவே வந்து பாருங்க."

வந்தார். விரலை நீட்டி, தலையை ஆட்டாமல் கண்ணால் மட்டும் தொடரச் சொன்னார். கருவிழி படபடவென்று துடித்தது. மூக்கைத் தொடச் சொன்னார். அண்ணன் கன்னத்தைத் தொட்டான். டாக்டரம்மா முகம் மாறியது.

"மாத்திரை கூடுதலா போட்டாரா? வீட்டுல இருந்து கொண்டுவந்தீங்களா?"

போதும்டா சாமி என்றாகிவிட்டது எனக்கு. "இத்தினி நாளு குடிக்கிறான்னாங்க. இப்ப நீங்க மாத்திரய அதிகம் முழுங்கறான்றீங்க. உங்க நர்ஸம்மா கையால குடுத்ததுதாங்க அத்தனையும். அவங்களையே கேளுங்க!" நர்ஸ் ஆமாம் என்று தலையாட்டினார். டாக்டரம்மா கோபித்துக்கொள்ளவில்லை. ரத்தம் எடுத்து மருந்து எவ்வளவு இருக்கிறது என்று பார்க்க அனுப்பினார்.

மறுநாள் அவரே வந்து ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். மூன்று மாத்திரைக்கு இருக்க வேண்டியதைப் போல இரண்டு மடங்குக்கு மேல் ரத்தத்தில் மருந்து நின்றிருந்தது. "இந்த மருந்தைக் கல்லீரல்ல ஒரு என்சைம் உடைச்சு வெளிய அனுப்பும். சில பேருக்குப் பொறக்கும்போதே அந்த என்சைம் மெதுவா வேலை செய்யிற ஜீன் இருக்கும். நேத்துப் போட்டது போறதுக்குள்ள இன்னிக்குப் போட்டா, சேந்துக்கிட்டே போகும். அந்த மருந்து மூளையில ஏறினா, பார்க்கிறதுக்குக் குடிச்ச மாதிரிதான் இருக்கும். அதனால இவருக்கு அளவக் குறைக்கணும்."

உப்பளத்துக்காரிக்கு இது புரிய எவ்வளவு நேரம் ஆகும்? எல்லாப் பாத்திக்கும் ஒரே அளவு தண்ணீர்தான் விடுகிறோம். ஒன்று சீக்கிரம் வற்றும், பக்கத்துப் பாத்தி வற்றாமல் நிற்கும். வற்றாத பாத்தியில் தினம் தினம் தண்ணீர் விட்டால் வரப்பு உடையாமல் என்ன செய்யும்? தையல்காரப் பெண்ணுக்கு வற்றியது. இவனுக்கு நின்றது.

"இத ஏங்க யாரும் மொதல்லயே பாக்கல?"

"நிறைய பேருக்கு இந்த அளவு சரியா இருக்கும்மா. ஒத்துக்காதவங்களக் கண்டுபிடிக்க ரத்தத்துல அளவு பாக்கணும். அந்த வசதி எல்லா ஊர்லயும் இல்ல. ஜீனைப் பாக்கிற டெஸ்ட் இங்கயே ஆராய்ச்சிக்காகத்தான் பண்றாங்க."

நியாயமான பதில்தான். ஆனால் நியாயத்தை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய? நாற்பது கிலோமீட்டருக்குள் இருக்கிற ஒரு மெஷினில் ரத்தத்தைப் பார்க்காமல் என் அண்ணன் குடும்பம் இரண்டாகப் போய்விட்டது.

ஆராய்ச்சிக்கும் ரத்தம் கொடுத்தான். ஐப்பசி மழையில் முடிவு கேட்கப் போனபோது அம்மாவையும் வலுக்கட்டாயமாகக் கூட்டிப் போனேன். தான் நினைத்தது சரிதான் என்று டாக்டரம்மா சொன்னார். அம்மாவுக்குப் புரியும்படி பொறுமையாக விளக்கினார். "இது ரெண்டு பக்கத்துல இருந்தும் வந்திருக்கும்மா. அப்பாகிட்ட இருந்து ஒண்ணு, உங்ககிட்ட இருந்து ஒண்ணு. ஒரு பக்கம் மட்டும் வந்திருந்தா இவ்வளவு தெரிஞ்சிருக்காது. நீங்க சொந்தத்துல கட்டினவங்களா?"

"மாமன் மவன்தான். ஆனா எங்க கூடப் பொறந்தவன் எவனும் தள்ளாடினதில்ல டாக்டர்" என்றாள் அம்மா விறைப்பாக.

"தள்ளாட மாட்டாங்க. அந்த மாத்திரை போட்டாத்தான் தெரியும்."

பஸ்ஸில் அம்மா ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டாள். நான் விடுவேனா? "அப்பன் ரத்தம் அப்பன் ரத்தம்னியே. ஆத்தா ரத்தமும் சேந்தில்ல இருக்குது" என்றேன். கொஞ்ச தூரம் போனதும் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். மழைச் சாரல் என்று நினைத்துக்கொண்டேன்.

மூன்று மாத்திரை ஒன்றாயிற்று. அந்த ஒன்றிலேயே வலிப்பு நின்றது, தள்ளாட்டமும் போனது. கார்த்திகையில் அவன் சைக்கிளில் டபுள்ஸ் வைத்து என்னைக் கடைக்குக் கொண்டுபோய் விட்டான். நான் ஒரு முடிவோடு இருந்தேன். பிரம்மதேசம் போய், அண்ணியை உட்கார வைத்து, ஒன்றுவிடாமல் சொல்லிவிடுவது என்று. அம்மா தலையில் செய்த சத்தியத்தை அம்மா பார்த்துக்கொள்ளட்டும்.

போக விடாமல் செய்தது பொங்கல். நான் கிளம்புவதற்குள் மாமாவே அண்ணியையும் குழந்தையையும் அழைத்துக்கொண்டு வந்து இறங்கினார். அண்ணன் மாதக்கணக்காக நேராக நடக்கிறான் என்ற சேதி அவருக்கு எட்டியிருந்தது. பெரிய மனுஷர்கள் நாலைந்து பேர், மேஸ்திரி உட்பட, கூடத்தில் உட்கார்ந்தார்கள்.

"பழசெல்லாம் போவட்டும் மாப்ள" என்றார் மாமா. நல்ல மனசோடுதான் சொன்னார். "ஆம்பள தப்புப் பண்றதும் திருந்தறதும் ஒலகத்துல இருக்கிறதுதான். உம் புள்ள தலையில கைய வெச்சு ஒரு வார்த்த சொல்லிடு. அது போதும் எங்களுக்கு."

நான் சமையலறை வாசலில் நின்றேன். அண்ணன் என்னைப் பார்க்கவில்லை. குழந்தையை மடியில் வாங்கினான். அது அவனை மறந்து போயிருந்தது, அழுதது. அதன் தலையில் கையை வைத்து, குழறாத குரலில், தெளிவாக, "இனிமே குடிக்க மாட்டேன்" என்றான்.

மேஸ்திரி கண்ணைத் துடைத்துக்கொண்டார். எல்லோரும் சாப்பிட உட்கார்ந்ததும் அவனைக் கிணற்றடிக்கு இழுத்துக்கொண்டு போனேன்.

"எதுக்குண்ணா? எதுக்கு அப்படிச் சொன்ன? நீ எப்பக் குடிச்ச? பெத்த புள்ள தலையில கைய வெச்சு... வெக்கமா இல்ல? நான் போய் எல்லாத்தையும் சொல்றேன் இரு."

என் கையைப் பிடித்துக்கொண்டான். வலிக்கும்படி பிடித்தான்.

"குடிகாரன் திருந்திட்டான்னா திரும்பி வர்றாங்க பாப்பா. வலிப்புக்காரன்னு சொன்னா வருவாளா? புள்ளைய என் கையில குடுப்பாங்களா? உப்பளத்துல வுடுவாங்களா?" என் கையை விட்டுவிட்டு, "உனக்கும் ஒரு கல்யாணம் ஆவணும்" என்றான்.

அந்தத் தையல்காரப் பெண் நாங்கள் நின்ற இடத்துக்கு நாலு வீடு தள்ளித்தான் இருந்தாள். தண்ணீர் இறைத்து முகத்தைக் கழுவிக்கொண்டு உள்ளே போய்ப் பாயசம் பரிமாறினேன்.

அன்று ராத்திரி விருந்தாளிகள் போன பிறகு அம்மா ரவை டப்பாவைத் திறந்தாள். பழக்கம். அண்ணி பார்த்துவிட்டாள். "இது அந்தச் சத்து மாத்திரையா அத்த?" என்று கேட்டாள். அம்மா ஒரு நொடி என்னைப் பார்த்தாள். பிறகு, ரவையைக் கிளறிக்கொண்டே, "பாண்டிச்சேரி ஆஸ்பத்திரில குடுத்தாங்கம்மா. குடிய மறக்கிறதுக்கு. ஒரு நாளு வுடக் கூடாதாம்" என்றாள்.

"அப்ப இனிமே நானே குடுக்கறேன்" என்றாள் அண்ணி. டப்பாவை வாங்கித் தன் பக்கம் வைத்துக்கொண்டாள்.

சும்மா சொல்லக் கூடாது, அண்ணி ஒரு நாள்கூட மறக்கவில்லை. சோற்றுத் தட்டை வைக்கும்போதே ஒரு மாத்திரையும் தண்ணீரும் வைத்துவிடுவாள். அவன் விழுங்கும்வரை ஆஸ்பத்திரி நர்ஸ் மாதிரி நிற்பாள். மாசியில் உப்பளம் மறுபடி தொடங்கியது. முதல் நாள் வேலை முடித்து அவன் வந்து சாப்பிட உட்கார்ந்தான். அண்ணி டப்பாவைத் திறந்து ஒன்றை எடுத்தாள். கொஞ்சம் யோசித்தாள். இன்னொன்றையும் எடுத்து உள்ளங்கையில் வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டாள்.

"பாப்பா, நீதான ஆஸ்பத்திரில கூட இருந்த. உப்பளத்துல பழைய கூட்டாளிங்க இருப்பாங்க, ஆச காட்டுவாங்க. ஒண்ணு போதுமா? ரெண்டா குடுத்தா சுத்தமா மறந்துடுவாரு இல்ல?"

அம்மா அடுப்படியில் அப்படியே நின்றுவிட்டாள். அண்ணன் தட்டைப் பார்த்துக் குனிந்துகொண்டான்.

"வேணாம் அண்ணி. சத்தியமா வேணாம். ஒண்ணுக்கு மேல எந்நாளும் குடுத்துடாதீங்க. அவன் ஒடம்பு தாங்காது."

"ஏன்?"

என் வாயில் எல்லாம் வந்து நின்றது. கல்லீரல், ஜீன், அப்பா பக்கம், அம்மா பக்கம், மாசி மாத விடியற்காலை, எல்லாம். அண்ணன் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான்.

"அவன் ஒடம்பு வாகு அப்படி அண்ணி" என்றேன்.

அண்ணி அவனை இரக்கத்தோடு பார்த்தாள். "குடிச்சிக் குடிச்சிக் கெட்டுப் போன ஒடம்பில்லியா, அதான்" என்று தானே பதில் சொல்லிக்கொண்டு, இரண்டாவது மாத்திரையை டப்பாவில் போட்டு மூடினாள்.